அத்தியாவசியப் பணியாளர்: ஒரு சொல்லும் நான்கு பட்டியல்களும்

2020 மார்ச் 24-ஆம் நாள் இருபத்தொரு நாள் ஊரடங்கு அறிவிக்கப்பட்டபோது, மத்திய உள்துறை அமைச்சகம் சில பக்கங்களே கொண்ட வழிகாட்டுதல்களை வெளியிட்டது. பேரிடர் மேலாண்மைச் சட்டம், 2005-இன் கீழ் பிறப்பிக்கப்பட்ட அந்த ஆணை, எவை மூடப்பட வேண்டும் என்று சொன்னதோடு எவை மூடப்படக் கூடாது என்றும் சொன்னது. மருத்துவமனை, மருந்துக் கடை, நியாயவிலைக் கடை, பால், காய்கறி, மீன், இறைச்சி, கால்நடைத் தீவனம், பெட்ரோல் நிலையம், சமையல் எரிவாயு, மின்சாரம், குடிநீர், நகரத் துப்புரவு, தொலைத்தொடர்பு, செய்தித்தாள், குளிர்பதனக் கிடங்கு, தனியார் காவல் பணி ஆகியவை விலக்குப் பெற்றன. வங்கியும் காப்பீட்டு அலுவலகமும் ஏ.டி.எம்.-உம் அவற்றுள் இருந்தன.

அன்று முதல் 'அத்தியாவசியப் பணியாளர்' என்ற சொல் வீட்டுப் பேச்சிலும் புழங்கத் தொடங்கியது. கைதட்டினோம், விளக்கேற்றினோம். அதே ஆண்டு ஏப்ரல் 5 இரவு ஒன்பது மணிக்கு ஒன்பது நிமிடம் வீட்டு விளக்குகளை அணைத்தபோது, நாட்டின் மின்தேவை சுமார் 31,000 மெகாவாட் சரிந்து, சில நிமிடங்களில் மீண்டும் ஏறியது. மின்கட்டமைப்பு குலையாமல் அந்த இறக்கத்தையும் ஏற்றத்தையும் தாங்கிக்கொடுத்தவர்கள் மின்சுமை மையங்களில் கண் கொட்டாது அமர்ந்திருந்த பொறியாளர்களும், நீர்மின் நிலையங்களின் இயக்குநர்களும். நன்றி சொல்வதற்காக ஏற்றிய விளக்கைக் காப்பதற்கும் யாரோ சிலர் அன்றிரவு வேலைக்குப் போக வேண்டியிருந்தது.

ஆனால் இக்கட்டுரை நன்றியைப் பற்றியதன்று. அந்த ஆணை யார் வேலை செய்ய வேண்டும் என்று வகுத்தது. அவர்களுள் ஒருவர் தொற்றுக்கு ஆளாகி இறந்தால் அவருடைய குடும்பத்தை யார் தாங்குவார் என்பது வேறு பல ஆணைகளிலும் சட்டங்களிலும் காப்பீட்டு ஆவணங்களிலும் சிதறிக் கிடந்தது. அவற்றைச் சேர்த்துப் பார்க்கும் வேலை எங்களைப் போன்ற கிளை அலுவலர்களுக்குத் தானாகவே வந்து சேர்ந்தது. இறப்புச் சான்றிதழைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு குடும்பம் முதலில் ஏறும் படிகளுள் வங்கியின் படியும் ஒன்று.

சுருங்கிக்கொண்டே வந்த பட்டியல்

சொல் ஒன்றுதான், ஆனால் அதன் எல்லை இடத்துக்கு இடம் மாறியது. வேலைக்கு வர வேண்டியவர்கள் என்ற முதல் பட்டியலே மிகப் பெரியது. இரண்டாவது பட்டியலைக் காண மும்பைக்குச் செல்ல வேண்டும். அந்நகரின் புறநகர் மின்ரயில்கள் 2020 மார்ச் மூன்றாம் வாரத்துக்குப் பின் ஓடவில்லை. மருத்துவமனைச் செவிலியரும் மாநகராட்சி ஊழியரும் பெஸ்ட் பேருந்துகளை நம்பியே வேலைக்குச் சென்றனர். அப்பேருந்துகளின் ஓட்டுநர்களும் நடத்துநர்களும் தொற்றின் நடுவே ஓடிக்கொண்டிருந்தனர். ஜூன் 15 அன்று ரயில் மீண்டும் ஓடியபோது, மாநில அரசு அடையாளங்காட்டிய அத்தியாவசிய ஊழியர்க்கு மட்டுமே அனுமதி கிடைத்தது. தேசியமயமாக்கப்பட்ட வங்கிகளின் ஊழியர்கள் அதில் சேர்க்கப்பட்டது ஜூலை தொடக்கத்தில்தான். மார்ச் மாதமே அத்தியாவசியம் என்று அறிவிக்கப்பட்ட வங்கிக்கு, அங்கே பணிபுரிபவரை ஏற்றிச் செல்லும் ரயில் மூன்று மாதங்களுக்கும் மேலாகக் கிடைக்கவில்லை.

மூன்றாவது, தடுப்பூசிப் பட்டியல். 2021 ஜனவரி 16 அன்று தொடங்கிய தடுப்பூசித் திட்டத்தில் முதல் ஊசியைப் பெற்றவர் தில்லி எய்ம்ஸ் மருத்துவமனையின் துப்புரவுப் பணியாளர் ஒருவர். அந்தத் தேர்வு வெறும் அடையாளமாக நின்றுவிடவில்லை. மருத்துவப் பணியாளர் ஏறத்தாழ ஒரு கோடிப் பேர், அவர்களையடுத்து காவலர், ஆயுதப் படையினர், மாநகராட்சி மற்றும் துப்புரவுப் பணியாளர் முதலிய முன்களப் பணியாளர் ஏறத்தாழ இரண்டு கோடிப் பேர் என்ற மதிப்பீட்டில் அந்த வரிசை வகுக்கப்பட்டது. வரிசையின் தலையில் யார் நிற்க வேண்டும் என்ற வினாவுக்கு அது நேர்மையான விடை என்றே நான் கருதுகிறேன். எனினும் மளிகைக் கடை ஊழியரும், எரிவாயு உருளை கொண்டு வருபவரும், வங்கிக் காசாளரும், ஏ.டி.எம். வாயிலில் நிற்கும் காவலரும் அந்த இரண்டு கோடிக்குள் இல்லை. அவர்கள் தத்தம் வயதுப் பிரிவின் முறை வரும்வரையோ, மாநில அரசு தனியே முன்னுரிமை தரும்வரையோ காத்திருந்தார்கள். அந்தக் காத்திருப்பின் நடுவில்தான் 2021 ஏப்ரல், மே மாதங்களின் இரண்டாம் அலை வந்தது.

நான்காவது பட்டியல் எல்லாவற்றிலும் சிறியது. அதைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும்.

ஐம்பது லட்சம் ரூபாய்

2020 மார்ச் 26 அன்று நிதியமைச்சர் அறிவித்த பிரதம மந்திரி கரீப் கல்யாண் தொகுப்பின் ஓர் அங்கமாக, கோவிட் பணியில் உள்ள சுகாதாரப் பணியாளர்க்கு 50 லட்சம் ரூபாய்க் காப்பீடு மார்ச் 30 முதல் நடைமுறைக்கு வந்தது. சுமார் 22 லட்சம் பேருக்கான இக்காப்பீட்டை நியூ இந்தியா அஷ்யூரன்ஸ் நிறுவனம் வழங்கியது. முழுப் பிரீமியத்தையும் மத்திய சுகாதார அமைச்சகமே செலுத்தியது. வயது வரம்பு கிடையாது. இறந்தவர் வேறு எந்தக் காப்பீடு வைத்திருந்தாலும் இத்தொகை குறையாது. நோய்த்தொற்றால் நேரும் இறப்பும், கோவிட் பணியின்போது நேரும் விபத்து இறப்பும் இதில் அடங்கின.

இத்திட்டத்தின் உண்மையான சிறப்பு தொகையில் இல்லை என்பது என் கருத்து. நிரந்தர ஊழியர், ஒப்பந்த ஊழியர், தினக்கூலி, தற்காலிக ஊழியர், வெளிநிறுவனம் வழி வந்தவர், ஓய்வு பெற்று மீண்டும் அழைக்கப்பட்டவர், தன்னார்வலர் ஆகிய அனைவரையும் அது ஒரே தட்டில் வைத்தது. பேராசிரியர் நிலையிலுள்ள மருத்துவரின் குடும்பத்துக்கும் அதே மருத்துவமனையின் ஒப்பந்தத் துப்புரவுப் பணியாளரின் குடும்பத்துக்கும் ஒரே தொகை. சம்பளப் படிநிலைப்படியே எல்லாவற்றையும் கணக்கிட்டுப் பழகிய நம் நாட்டு அலுவலக முறையில் இது எளிதாகக் காணக் கிடைப்பதன்று.

ஆஷா பணியாளர்க்கு இது மிகவும் பொருந்தியது. 2005-இல் தொடங்கிய தேசிய ஊரகச் சுகாதாரத் திட்டத்தின் கீழ் பணிபுரியும் இப்பெண்கள் நாடெங்கும் ஏறத்தாழ பத்து லட்சம் பேர். வீடு வீடாகச் சென்று காய்ச்சல் கண்டோரைக் குறித்ததும், வெளியூரிலிருந்து திரும்பியோரைக் கண்காணித்ததும், பின்னாளில் தடுப்பூசிக்கு மக்களை அழைத்து வந்ததும் அவர்களே. 2022 மே மாதம் உலக சுகாதார நிறுவனம் அவர்களுக்கு உலகளாவிய சுகாதாரத் தலைமைக்கான விருதை வழங்கியது. ஆயினும் சட்டத்தின் பார்வையில் அவர்கள் தன்னார்வலர்கள். பெறுவது ஊதியமன்று, ஊக்கத்தொகை. ஊதியம் இல்லாததால் வருங்கால வைப்பு நிதி இல்லை, இ.எஸ்.ஐ.-உம் இல்லை. அந்த வெற்றிடத்தில் அவர்களுக்கென்று நின்ற பெரிய பாதுகாப்பு இந்த ஐம்பது லட்சம்தான்.

முதலில் 90 நாளுக்கென்று தொடங்கிய திட்டம் பலமுறை நீட்டிக்கப்பட்டது. 2022 ஏப்ரலில் மேலும் 180 நாள் நீட்டிக்கப்பட்டபோது, அதுவரை 1,905 பணியாளரின் குடும்பங்களுக்குத் தொகை வழங்கப்பட்டிருப்பதாக அரசு தெரிவித்தது. தாமதத்துக்கு முதன்மைக் காரணம் ஒரு சான்றிதழ். இறந்தவர் நோயாளியுடன் நேரடித் தொடர்புள்ள பணியில் அமர்த்தப்பட்டிருந்தார் என்று அவர் பணிபுரிந்த நிறுவனம் எழுதித் தர வேண்டும். எழுதித் தர வேண்டியவரும் அதே மருத்துவமனையில் அதே நெருக்கடியில் இருந்தார். 2021 ஜூன் மாதம் இந்நடைமுறை மாற்றப்பட்டது. மாவட்ட ஆட்சியரே சான்றளிக்கலாம், அதன்பின் காப்பீட்டு நிறுவனம் 48 மணி நேரத்தில் தொகையை வழங்க வேண்டும் என்று வகுக்கப்பட்டது. பயன் நிச்சயமாக உண்டு. ஆனால் அந்த ஆண்டின் கொடிய வாரங்கள் அதற்குள் கடந்திருந்தன.

பட்டியலுக்கு வெளியே நின்றோர்க்குச் சில மாநில அரசுகள் தனியே உதவின. தில்லி அரசு ஒரு கோடி ரூபாய் அறிவித்தது. ஒரே வேலையைச் செய்து ஒரே நோயால் இறந்த இருவரின் குடும்பங்கள், மாநில எல்லையின் இரு பக்கங்களில் இருந்ததால் வெவ்வேறு தொகை பெற்ற நிலையும் இதனால் உண்டாயிற்று.

பிளேக் காலத்துச் சட்டம்

பெருந்தொற்று என்றதும் அரசு முதலில் கையில் எடுத்தது 1897-ஆம் ஆண்டின் கொள்ளைநோய்ச் சட்டத்தை. 1896-இல் பம்பாயில் பிளேக் பரவியதையடுத்துப் பிறந்த அச்சட்டம் நான்கே பிரிவுகள் கொண்டது. அதன் நான்காவது பிரிவு, நல்லெண்ணத்துடன் செய்த செயலுக்காக எவர் மீதும் வழக்குத் தொடுக்க முடியாது என்கிறது. அதாவது, பிளேக் அதிகாரி வீட்டுக்குள் புகுந்தாலும் அவரை நீதிமன்றத்துக்கு இழுக்க முடியாது. நோயாளியின் அருகே நின்று வேலை செய்பவரின் உடலுக்கோ உயிருக்கோ அச்சட்டத்தில் ஒரு சொல்லும் இல்லை.

அந்தப் பிளேக் காலத்திலேயே, யாரின்றி ஒரு நகரம் நடவாது என்பது பம்பாய் நகராட்சிக்குத் தெரிந்துதான் இருந்தது. அப்போதைய நகராட்சி ஆணையர் ஸ்னோ, நோயாளிகளைக் கட்டாயமாகப் பிரித்து வைக்கும் விதியைத் தளர்த்தியதற்குக் காரணங்களுள் ஒன்று, துப்புரவுத் தொழிலாளர் அஞ்சி நகரை விட்டுப் போய்விடுவர் என்ற கவலை. அவர்கள் போனால் நகரம் வாழத் தகுதியற்றதாகிவிடும் என்பது அவருக்குத் தெளிவாகத் தெரிந்திருந்தது. அவர்களுடைய தேவையை உணர்ந்த ஆட்சி, அவர்களுக்கென்று சட்டத்தில் ஒரு வரி சேர்க்கவில்லை. புணேயில் தம் வளர்ப்பு மகனும் மருத்துவருமான யஷ்வந்துடன் சேர்ந்து பிளேக் நோயாளிகளுக்குத் தொண்டு செய்த சாவித்திரிபாய் ஃபுலே, அந்நோய் தொற்றி 1897 மார்ச் 10 அன்று காலமானார். கல்விப் பணிக்காக நாம் போற்றும் அவர், இன்றைய சொல்லில் ஒரு முன்களப் பணியாளராகவே உயிர் நீத்தார்.

123 ஆண்டுகள் கழித்தே அச்சட்டம் பணியாளரின் பக்கம் திரும்பியது. 2020 ஏப்ரல் தொடக்கத்தில் இந்தூரில் தொற்றுச் சோதனைக்குச் சென்ற சுகாதாரக் குழுவினர் மீது கல்லெறியப்பட்டது. அம்மாதம் 19-ஆம் நாள் இரவு சென்னையில், கோவிட் நோயால் இறந்த நரம்பியல் அறுவை மருத்துவர் ஒருவரின் உடலை அடக்கம் செய்யச் சென்ற ஆம்புலன்ஸ் தாக்கப்பட்டது; சக மருத்துவர் ஒருவரே நள்ளிரவில் மண்வெட்டி பிடித்து அடக்கத்தை முடிக்க நேர்ந்தது. மூன்று நாள் கழித்து, ஏப்ரல் 22 அன்று, கொள்ளைநோய்ச் சட்டத்தைத் திருத்தும் அவசரச் சட்டம் வந்தது. செப்டம்பரில் அது முறையான சட்டமாயிற்று. சுகாதாரப் பணியாளரைத் தாக்குவது பிணையில் வெளிவர இயலாத குற்றமாயிற்று. மூன்று மாதம் முதல் ஐந்தாண்டு வரை சிறையும், 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. கொடுங்காயமெனில் ஏழாண்டு வரை சிறை, 5 லட்சம் வரை அபராதம். விசாரணையை 30 நாளில் முடிக்க வேண்டும். சேதப்படுத்திய பொருளுக்குச் சந்தை மதிப்பைப் போல் இரு மடங்கு ஈடு தர வேண்டும்.

இந்தப் பாதுகாப்பும் சுகாதாரப் பணியாளர்க்கே உரியது. முகக்கவசம் அணியச் சொன்னதற்காக ஏச்சும் அடியும் வாங்கிய கடைக் காவலர் பொதுவான குற்றவியல் சட்டத்தையே நாட வேண்டும்.

நம் வாயிலில் நின்றவர்கள்

வங்கித் துறையிலும் இதே கதைதான். 2020 ஏப்ரலில் 20 கோடிக்கும் மேற்பட்ட பெண்களின் ஜன்தன் கணக்குகளில் மாதம் 500 ரூபாய் வீதம் மூன்று மாதம் செலுத்தும் திட்டம் தொடங்கியது. கூட்டத்தைத் தவிர்க்க, கணக்கு எண்ணின் கடைசி இலக்கப்படி நாள் பிரிக்கப்பட்டது: 0, 1 என முடிவோர்க்கு ஏப்ரல் 3, 2, 3 என முடிவோர்க்கு ஏப்ரல் 4, இப்படி 9-ஆம் தேதி வரை. அறிவிப்பில் அழகாகத்தான் இருந்தது. கிளை வாயிலில் சுண்ணாம்பு வட்டங்களுக்குள் விடியற்காலை முதலே நின்றவர்களிடம் கடைசி இலக்கத்தைக் கேட்டு, முறை வராதவரைத் திருப்பியனுப்பும் வேலை, மாதம் பதினைந்தாயிரம் ரூபாய்கூடப் பெறாத ஒப்பந்தக் காவலரின் தலையில் விழுந்தது.

கிராமங்களில் அந்த 500 ரூபாயைப் பெரும்பாலும் கொண்டு சேர்த்தவர்கள் வங்கித் தொடர்பாளர்கள். கைக்கு அடக்கமான கருவியில் வாடிக்கையாளரின் விரல் ரேகையைப் பதித்துப் பணம் தருவது அவர்கள் தொழில். தொடாதே என்று நாடே சொல்லிக்கொண்டிருந்த மாதங்களில், ஒரு நாளைக்கு நூறு விரல்கள் தொட்ட கருவியைத் துடைத்துத் துடைத்து அவர்கள் வேலை செய்தார்கள். அவர்களும் வங்கி ஊழியரல்லர். பரிவர்த்தனைக்கு இவ்வளவு எனத் தரகு பெறுபவர்கள். ஏ.டி.எம்.-களில் பணம் நிரப்பும் வண்டியின் ஓட்டுநரும் உதவியாளரும் வேறொரு நிறுவனத்தின் ஆட்கள். வங்கி ஒரு நாளும் மூடப்படவில்லை என்று நாம் பெருமையோடு சொல்லும்போது, அந்தப் பெருமையில் பெரும் பங்கு நம் சம்பளப் பட்டியலில் இல்லாதவர்களுக்கு உரியது.

ஒரு காவலரின் கணக்கு

இப்போது ஓர் எடுத்துக்காட்டைக் கணக்குப் போட்டுப் பார்ப்போம். வயது 40, ஏ.டி.எம். காவலர்; மாத ஊதியம் 15,000 ரூபாய்; மனைவி, பள்ளி செல்லும் இரு பிள்ளைகள். 2021 மே மாதம் கோவிட் நோயால் இறக்கிறார் என்று கொள்வோம்.

அவருடைய நிறுவனம் சட்டப்படி நடந்திருந்தால், முதலில் இ.எஸ்.ஐ. வருகிறது. 2020 மார்ச் 24 முதல் ஈராண்டுக் காலத்துக்கு இ.எஸ்.ஐ. கழகம் கோவிட் நிவாரணத் திட்டம் ஒன்றை நடத்தியது. நோய் கண்டறியப்படுவதற்குக் குறைந்தது மூன்று மாதம் முன்பே பதிவு பெற்று, தேவையான நாள்களுக்குப் பங்களிப்பும் செலுத்தியிருந்தால், சராசரி நாள் ஊதியத்தில் 90 விழுக்காடு அவருடைய சார்ந்தோர்க்கு மாதந்தோறும் கிடைக்கும். நாளொன்றுக்கு 500 ரூபாய் ஊதியமெனில் 450 ரூபாய். மாதம் சுமார் 13,500. மனைவிக்கு அவர் மறுமணம் செய்யாதவரை ஆயுள் முழுதும் இதில் பங்குண்டு. இத்தொகைக்கு முன் நான் மேலே சொன்ன எந்தத் தொகையும் பெரிதன்று. ஏனெனில் இது மாதந்தோறும் வருவது.

அடுத்தது வருங்கால வைப்பு நிதியோடு இணைந்த காப்பீடு. வைப்பு நிதி உறுப்பினர் பலருக்கும் இப்படி ஒன்று இருப்பதே தெரியாது. இதற்கு ஊழியர் ஒரு காசும் செலுத்துவதில்லை. நிறுவனமே ஊதியத்தில் அரை விழுக்காடு செலுத்துகிறது. பணியில் இருக்கும்போது எக்காரணத்தால் இறந்தாலும், சராசரி மாத ஊதியத்தின் 35 மடங்கும் அதனுடன் நிதியிருப்பின் பாதியும் கிடைக்கும். அந்தப் பாதிக்கு உச்ச வரம்பு 1,75,000 ரூபாய். 2021 ஏப்ரல் 28-இல் மொத்த உச்சவரம்பு 6 லட்சத்திலிருந்து 7 லட்சமாக உயர்ந்தது. நம் காவலரின் இருப்பு ஒரு லட்சம் எனில், 5,25,000-உம் 50,000-உம் சேர்ந்து 5,75,000 ரூபாய்.

மூன்றாவது, வங்கிக் கணக்கு வழியாக எடுக்கப்படும் பிரதம மந்திரி ஜீவன் ஜோதி காப்பீடு. இறப்பின் காரணம் எதுவாயினும் 2 லட்சம் ரூபாய். அன்று ஆண்டுக்கு 330 ரூபாயாக இருந்த பிரீமியம், 2022 ஜூன் முதல் 436 ரூபாய். இதன் இணைத் திட்டமான சுரக்ஷா காப்பீட்டுக்கு அன்று 12 ரூபாய், இன்று 20 ரூபாய். அந்த மாதங்களில் பல குடும்பங்கள் கலங்கி நின்றது இந்த இரண்டுக்கும் உள்ள வேறுபாட்டில்தான். சுரக்ஷா விபத்துக்கு மட்டுமே உரியது, நோய் விபத்தாகாது. பன்னிரண்டு ரூபாய் பிடிக்கப்பட்ட வரியைக் கணக்குப் புத்தகத்தில் காட்டி, கோவிட் இறப்புக்குத் தொகை கேட்டவர்களிடம் இதை விளக்குவதைவிடக் கடினமான வேலை எங்களுக்கு அப்போது இல்லை. மலிவானதைத் தேர்ந்தெடுத்தவர் எவரும் அறியாமையால் செய்ததில்லை. முன்னூற்று முப்பது ரூபாய் அவர்களுக்குப் பெருந்தொகை.

இன்னொன்றும் உண்டு. இந்தக் காப்பீட்டு ஆண்டு ஜூன் 1-இல் தொடங்குகிறது. மே மாத இறுதியில் கணக்கிலிருந்து பிரீமியம் தானாகப் பிடிக்கப்படும். போதிய இருப்பு இல்லையெனில் புதுப்பிப்பு நடக்காது. மீண்டும் சேர்ந்தால் முதல் சில வாரங்களில் நேரும் இயற்கை இறப்புக்குத் தொகை கிடையாது. அக்காலம் முன்பு 45 நாள், 2021 ஜூன் முதல் 30 நாள். ஊதியம் நின்றுபோன 2020 மே மாதத்திலும், இரண்டாம் அலையின் 2021 மே மாதத்திலும் இந்தத் தேதி வந்து சேர்ந்தது. கணக்கில் 330 ரூபாய் இல்லாதவர் யார் என்று நினைத்துப் பார்த்தால், பெரும்பாலும் காப்பீடு மிகவும் தேவைப்பட்டவராகவே இருப்பார். இரண்டு வங்கிகளில் இருமுறை பிரீமியம் பிடித்திருந்தாலும் ஒரு தொகைதான் கிடைக்கும் என்பதையும் இங்கே சொல்லிவிடுகிறேன்.

நான்காவது, உச்ச நீதிமன்றத்தின் 2021 ஜூன் 30 தீர்ப்பையடுத்து வந்த 50,000 ரூபாய்க் கருணைத் தொகை. தொற்று உறுதியான 30 நாளுக்குள் நேர்ந்த இறப்பு, மருத்துவமனைக்கு வெளியே நேர்ந்தாலும் கோவிட் இறப்பாகக் கருதப்படும் என்று அப்போது வகுத்தது பலருக்கும் பயன்பட்டது.

இனி கணக்கின் மறுபக்கம். அதே காவலரின் நிறுவனம் அவரை இ.எஸ்.ஐ.-யிலோ வைப்பு நிதியிலோ பதியவில்லை என்று கொள்வோம். பத்துப் பேருக்கும் குறைவாக வைத்திருப்பவர் இ.எஸ்.ஐ. சட்டத்துக்குள்ளும், இருபது பேருக்கும் குறைவாக வைத்திருப்பவர் வைப்பு நிதிச் சட்டத்துக்குள்ளும் பொதுவாக வருவதில்லை. அப்போது மாதம் 13,500 இல்லை, 5,75,000 இல்லை. எஞ்சுவது ஜீவன் ஜோதியின் 2 லட்சம், அதுவும் மே மாதம் பிரீமியம் பிடிக்கப்பட்டிருந்தால், அத்துடன் 50,000. வேலை அதே வேலை, வாயில் அதே வாயில்.

சட்டத்தில் இவருக்கும் ஒரு கதவு இருந்தது. 1923-ஆம் ஆண்டின் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம், தொழில்வழி நோய்களின் பட்டியலில் தொற்றுநோயையும் வைத்திருந்தது. மருத்துவ, ஆய்வகப் பணியோடு, தொற்று அபாயம் குறிப்பாக மிகுந்த பிற பணிகளும் அதில் அடங்கும். ஒப்பந்ததாரரின் ஆளுக்கு, அவரைப் பணியமர்த்தக் காரணமான முதன்மை நிறுவனமும் பொறுப்பு என்று அச்சட்டம் சொன்னது. 40 வயதில் இறந்தவர்க்குரிய காரணி 184.17, ஊதியத்தின் பாதி 7,500, பெருக்கினால் 13,81,275 ரூபாய். கணக்கு எளிது. ஆனால் தொற்று வேலையிடத்தில்தான் வந்தது என்று ஆணையர் முன் ஓர் ஏ.டி.எம். காவலரின் மனைவி மெய்ப்பிக்க வேண்டும். செவிலியர்க்கு அது இயலும், இவருக்கு அரிது. பெருந்தொற்றுக் காலத்தில் வேலைக்கு வரும்படி அரசாணையால் பணிக்கப்பட்டவர்க்கு, தொற்று வேலையிடத்தில் வந்ததாகவே முதலில் கொள்ள வேண்டும், மறுப்பவரே மெய்ப்பிக்க வேண்டும் என்று ஒரு விதி வந்திருந்தால் போதும். இந்தக் கதவு திறந்திருக்கும். 1923-ஆம் ஆண்டுச் சட்டம் இப்போது சமூகப் பாதுகாப்புச் சட்டத்தொகுப்பில் அடங்கிவிட்டது. 2020-இல் இயற்றப்பட்டு 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துள்ள அத்தொகுப்பு, வீட்டு வாயிலுக்கு உணவும் மளிகையும் கொண்டு வரும் செயலி வழிப் பணியாளரையும் முதன்முறையாக வரையறுத்துச் சேர்த்துள்ளது.

பெயரும் தலைப்பெழுத்தும்

கிடைக்க வேண்டிய தொகை கிடைக்காமல் நின்றதற்கு, பதிவே இல்லாதது ஒரு காரணமென்றால், பதிவில் உள்ள பெயர் மற்றொரு காரணம். வெளி மாநிலங்களில் வாழும் நம் தமிழ் வாடிக்கையாளர்க்கு இது நன்கு பழக்கமான தொல்லை. ஆதாரில் தலைப்பெழுத்து விரிந்து தந்தை பெயர் பின்னால் நிற்கும். வைப்பு நிதிப் பதிவில் அதே தலைப்பெழுத்து ஓர் எழுத்தாக முன்னால் நிற்கும். வங்கிக் கணக்கில் ஊர்ப் பெயரின் எழுத்தும் சேர்ந்திருக்கும். மூன்றும் ஒருவரே என்பது ஊருக்குத் தெரியும், கணினிக்குத் தெரியாது. திருமணத்துக்கு முன் தொடங்கிய கணக்கில் தாயின் பெயர் நியமனதாரராக நின்றுவிட, மனைவியின் பெயர் எங்குமே இல்லாத நிலையும் அடிக்கடி காண்பதுதான். 2025 நவம்பர் 1 முதல் வங்கி வைப்புக் கணக்குக்கு நான்கு பேர் வரை நியமனதாரராகக் குறிக்கலாம். தாயையும் மனைவியையும் சேர்த்தே குறிக்க இப்போது தடையில்லை.

தம் அடுக்ககத்தின் காவலருக்கும், வீட்டு வேலைக்கு வருபவருக்கும், கடை உதவியாளருக்கும் உதவ விரும்பும் வாடிக்கையாளர்கள், ஜீவன் ஜோதி படிவத்தை அவருடைய கணக்குள்ள கிளையில் நிரப்பித் தரச் செய்யலாம். 18 முதல் 50 வயதுக்குட்பட்டவர் சேரலாம். தொடர்ந்து செலுத்தினால் 55 வயது வரை காப்பு நீடிக்கும். மே மாதம் 25-ஆம் தேதிக்குள் அவர் கணக்கில் 436 ரூபாய் இருக்கிறதா என்று கேட்டுக்கொண்டால் போதும். ஒப்பந்த நிறுவனம் ஒன்றின் வழியே ஆட்களை அமர்த்தியிருக்கும் குடியிருப்போர் சங்கங்கள், மாதப் பட்டியலுக்குப் பணம் தருமுன் அம்மாத இ.எஸ்.ஐ., வைப்பு நிதிச் செலுத்துச் சீட்டைக் கேட்டு வாங்கலாம். சீட்டில் மொத்தத் தொகையே இருக்கும்; ஒவ்வோர் ஆளின் பெயரும் அதனுடன் தாக்கல் செய்யப்படும் பங்களிப்பு விவரப் பட்டியலில்தான் இருக்கும் என்பதால் அதையும் கேட்க வேண்டும்.

வைப்பு நிதியில் நியமனதாரரைக் குறிப்பதையும் பெயரைத் திருத்துவதையும் உறுப்பினரே இணையத்தில் செய்யலாம். அவருடைய கைப்பேசிக்கு வரும் ஆறிலக்க எண் ஒன்று வேண்டும். அந்தக் கைப்பேசி எண் இன்னும் அவரிடம்தான் இருக்கிறதா, பழைய ஒப்பந்ததாரர் பதிந்த வேறு எண்ணா என்பதை முதலில் பார்த்துக்கொள்வது நல்லது.